விருந்தும் வாயிற்கதவும்

சென்ற தவணையில் ஒருநாள் பத்தாம் வகுப்பு மாணவருக்குத் திருக்குறளின் விருந்தோம்பல் அதிகாரத்தைக் கற்பித்துக்கொண்டிருந்தேன். வந்தவரைப் பேணி வழியனுப்பிவிட்டு, இனி வரப்போகின்றவரை எதிர்நோக்கியிருப்பவனே நல்ல இல்வாழ்வான் என்ற கருத்தை விளக்கிய வேளையில், கொட்டாஞ்சேனையிலிருந்து வரும் மாணவன் ஒருவன் எழுந்தான். “சேர், ஜனாதிபதி மாளிகையில வெளிநாட்டுத் தலைவர்களுக்கு விருந்து வைக்கிறாங்களே, அதுவும் விருந்தோம்பல்தானா?” என்று கேட்டான். வகுப்புச் சிரித்தது, நானும் சிரித்தேன். மணி அடித்தது. விடை கூறாமலே வெளியேறினேன்.

அன்று மாலை பஸ்ஸில் வெள்ளவத்தைக்குத் திரும்பும்போது, பதினொரு வயதில் நானே வரவேற்ற அரச விருந்தினர் ஒருவரின் நினைவு வந்தது. எங்கள் பாடசாலைப் பிள்ளைகளை வீதியோரத்தில் வரிசையாக நிறுத்தி, ஆளுக்கொரு கடதாசிக் கொடியைக் கையிற் கொடுத்திருந்தார்கள். இரண்டு மணி நேரம் வெயிலில் நின்றோம். எனக்கு முன்னால் நின்ற சிறுமி மயங்கி விழுந்தாள். வீதியின் மறுபுறத்துக் கடையில் தண்ணீர் இருந்தது. வீதியைக் கடப்பதற்கு அனுமதி இருக்கவில்லை. பின்னர் கறுப்புக் கண்ணாடி பூட்டிய வண்டிகள் சில விரைந்து சென்றன. நாங்கள் கொடியசைத்தோம். யாருக்காக அசைத்தோம் என்பதை இன்றுவரை நான் அறியேன். இப்பொழுது நான் ஆசிரியன். நாளை இத்தகைய சுற்றறிக்கை ஒன்று வந்தால், பிள்ளைகளை வெயிலில் நிறுத்தும் பொறுப்பு என்னுடையதாகும். ஆகவே அந்த மாணவனின் வினாவைச் சிரித்துத் தள்ளிவிட முடியவில்லை.

விருந்து என்னும் சொல்லுக்குப் புதுமை என்னும் பொருள் பழந்தமிழில் உண்டு. புதிதாகப் புனையப்படும் யாப்பைத் தொல்காப்பியர் அச்சொல்லாலேயே குறித்தார். புதிதாக வந்த மனிதனையும், அவனுக்கு இடப்படும் உணவையும் அதே சொல் குறித்தது. சுற்றத்தாரை அழைத்து உண்பிப்பது நல்ல காரியமே. ஆயினும் விருந்தோம்பல் ஓர் அறமாவது, அறிமுகமற்றவன், கைம்மாறு செய்ய வல்லமையற்றவன் வாயிலில் வந்து நிற்கும்போதுதான். அரச வரவேற்போ இதற்கு நேர்மாறான அடிப்படையில் அமைந்தது. அங்கே அறிமுகமற்றவனுக்கு இடமில்லை. அழைப்பிதழ், பெயர்ப்பட்டியல், ஆசன வரிசை என்பவற்றாலானது அது. வருகின்ற ஒவ்வொருவரும் ஏதோ ஒரு கைம்மாறு செய்ய வல்லவர். செய்ய வல்லவர் என்பதற்காகவே அழைக்கப்பட்டவர்.

ஒவ்வோர் அரச வரவேற்புக்கும் இரண்டு பட்டியல்கள் உண்டு. ஒன்று உள்ளே வரவேண்டியவர்களின் பட்டியல், அது அச்சிடப்படும். மற்றது வாயிலுக்கு வெளியே நிறுத்தப்பட வேண்டியவர்களின் பட்டியல். அது பெரும்பாலும் எழுதப்படுவதில்லை. விருந்தளிப்பவனின் அறத்தை அளக்க விரும்புவோர் இந்த இரண்டாவது பட்டியலையே தேடிப் படித்தல் வேண்டும். இதுவே இக்கட்டுரையில் நான் நிறுவ முயல்வது.

வரலாற்றைச் சற்று நோக்குவோம். 1762 ஆம் ஆண்டு சென்னையிலிருந்த ஆங்கிலக் கம்பனி ஜோன் பைபஸ் என்பவரைக் கண்டிக்குத் தூதனுப்பியது. கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கனின் அவையில் பாதரட்சையைக் கழற்றி, கொண்டுவந்த கடிதத்தைத் தலைக்கு மேலே தாங்கி, முழந்தாளிட வேண்டியிருந்ததை அவர் தமது குறிப்பில் விவரித்திருக்கிறார். ஒல்லாந்தத் தூதுவருக்கும் அவ்வாறே. 1765 இல் ஒல்லாந்தர் படையெடுத்துக் கண்டி நகரைச் சூறையாடினர். மறு ஆண்டு செய்துகொள்ளப்பட்ட ஒப்பந்தத்தின்பின் தூதுவரைத் தாழ்த்தும் சடங்குகள் கைவிடப்பட்டன. நெடுங்காலம் மண்டியிட்ட விருந்தினன் பீரங்கி பேசியதும் எழுந்து நின்றான். 1815 மார்ச் 2 ஆம் நாள் கண்டி அரண்மனையின் மகுல் மடுவவில் தேசாதிபதி பிறவுன்றிக் முன்னிலையில் உடன்படிக்கை வாசிக்கப்பட்டபோது விருந்தினனே வீட்டுக்காரனாகிவிட்டான். வீட்டுக்காரனாயிருந்த ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் கைதியாகி, பின்னர் வேலூருக்கு அனுப்பப்பட்டான். சடங்கு என்பது வெறும் அலங்காரமன்று. அதிகாரம் எவர் கையில் இருக்கிறது என்பதைக் காட்டும் அளவுகோல் அது.

கொழும்புக் கோட்டையில் இன்று ஜனாதிபதி மாளிகை எனப்படும் கட்டடம், கடைசி ஒல்லாந்தத் தேசாதிபதியான வான் அங்கெல்பெக்கின் இல்லமாக இருந்து, 1804 இல் பிரித்தானிய அரசின் கைக்கு வந்தது. ஆங்கிலப் பேரரசு எங்கு பரவியதோ அங்கெல்லாம், அரச பிரதிநிதி உள்ளூர்ப் பிரமுகரை வரவேற்கும் ‘லெவே’ என்னும் சடங்கும் பரவியது. பிரெஞ்சு மொழியில் எழுதல் என்னும் பொருளுடைய சொல் அது. மன்னன் படுக்கையை விட்டு எழுவதைப் பிரபுக்கள் சூழ நின்று பார்த்த வெர்சேய் அரண்மனை வழக்கம், கடல் கடந்து எங்கள் பிரமுகர்கள் வரிசையில் நின்று தலைவணங்கும் வழக்கமாயிற்று. வெள்ளையர் வழங்கிய பட்டங்களுள் ‘கேற் முதலியார்’ என்பதும் ஒன்று. தேசாதிபதியின் வாயிலுக்குரிய முதலியார் என்பது அதன் பொருள். வாயிலுக்கு அருகே நிற்கக் கிடைத்ததையே பட்டமாகச் சூடிக்கொண்ட ஒரு வர்க்கம் இந்நாட்டில் உருவாயிற்று. சிங்களவர், தமிழர் என்ற பேதம் அங்கே இருக்கவில்லை.

பின்னர் சுதந்திரம் வந்தது. 1948 பெப்ரவரி 10 ஆம் நாள், பிரித்தானிய மன்னரின் சகோதரரான குளொஸ்ரர் கோமகன் டொரிங்டன் சதுக்கத்திற் பாராளுமன்றத்தைச் சம்பிரதாயபூர்வமாகத் திறந்துவைத்தார். சமசமாஜிகள் அவ்வைபவங்களைப் பகிஷ்கரித்தனர். அவர்களைக் குறுகிய மனத்தினர் என்று பலர் ஏசினர். ஆயினும் அதே ஆண்டிலே நடந்தது என்ன? 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் நிறைவேறியது. மலையகத் தோட்டங்களில் உழைத்த இலட்சக்கணக்கான தமிழர் நாடற்றவராயினர். 1947 தேர்தலில் தம் பிரதிநிதிகளைத் தெரிவுசெய்தவர்களில் மிகப் பெரும்பாலோர், 1952 தேர்தலில் வாக்காளர் இடாப்பிலேயே இல்லை. இராணி மாளிகையின் பூந்தோட்ட விருந்துகளில் வெள்ளிக் கிண்ணங்களில் ஊற்றப்பட்ட தேநீரை எண்ணிப் பாருங்கள். அந்தக் கொழுந்தைக் கிள்ளிய கைகள், அழைப்பிதழ்ப் பட்டியலில் இல்லாதது பெரிதன்று. குடிகளின் பட்டியலிலேயே இல்லை.

அடுத்ததாக 1953. ஒரு கொத்து அரிசியின் பங்கீட்டு விலை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தப்பட்டது. பாடசாலைப் பிள்ளைகளுக்கு அளிக்கப்பட்டுவந்த இலவச மதிய உணவு நிறுத்தப்பட்டது. ஆகஸ்ட் 12 ஆம் நாள் ஹர்த்தால் வெடித்தது. துப்பாக்கிச் சூட்டில் மனிதர் மாண்டனர். மந்திரிசபை கொழும்புத் துறைமுகத்தில் நின்ற பிரித்தானியப் போர்க்கப்பலிற் கூடியது. டட்லி சேனநாயக்க பதவி துறந்தார். சேர் ஜோன் கொத்தலாவல பிரதமரானார். எட்டு மாதங்கள் கழித்து, 1954 ஏப்ரலில், எலிசபெத் இராணி இலங்கைக்கு வந்தார். வரவேற்புக்குக் குறைவிருக்கவில்லை. பிள்ளைகளின் மதிய உணவுக்குப் பணமில்லை என்ற கஜானாவே அவ்வரவேற்பையும் நடத்தியது.

இங்கே ஒரு தடையை எழுப்புவோர் உளர். ‘வறிய நாடு என்பதற்காக வந்தவரை வெறுங்கையோடு அனுப்பலாமா? சிறிய நாட்டுக்கும் மானம் உண்டன்றோ?’ என்பர். இத்தடை நியாயமானது. 1976 ஆகஸ்ட் 16 முதல் 19 வரை கொழும்பில் நிகழ்ந்த அணிசேரா நாடுகளின் மாநாட்டை நான் பழிக்கமாட்டேன். நேற்றுவரை அந்நியன் முன் மண்டியிட்ட நாடுகளின் தலைவர்கள், சீன மக்களின் கொடையாக எழுந்த பண்டாரநாயக்க ஞாபகார்த்த மண்டபத்திற் சமமாக அமர்ந்தார்கள். அந்தச் சமத்துவத்துக்கு ஒரு சடங்கு தேவைப்பட்டது. அச்சடங்கிற்கு ஒரு பெறுமதியும் இருந்தது.

செலவுக் கணக்கு ஒன்றையே பிடித்துக்கொண்டு பேசுவதும் எனக்கு உடன்பாடன்று. ஆடம்பரத்தை ஒழித்துவிட்டால் அறம் வந்துவிடும் என்று கருதுவது பெரும் பிழை. வெறுந் தேநீர் பருகிக்கொண்டும் ஓர் இனத்தின் குடியுரிமையைப் பறிக்கலாம். பாயில் அமர்ந்தவனும் கொடுங்கோலனாக இருக்கலாம். எளிமை நல்ல பழக்கம். ஆனால் அது நீதிக்குப் பதிலாகாது. உள்ளே எத்தனை கறி பரிமாறப்பட்டது என்பது சிறிய கேள்வி. வெளியே யார் தடுக்கப்பட்டார், ஏன் தடுக்கப்பட்டார் என்பதே பெரிய கேள்வி.

அமெரிக்காவில் ஓர் அரிய வழக்கம் இருந்தது. புத்தாண்டு நாளில் வெள்ளை மாளிகைக்கு மக்கள் வரிசையில் வந்து ஜனாதிபதியுடன் கைகுலுக்கிச் செல்லலாம். 1932 வரை அது நீடித்தது. 1863 ஜனவரி முதல் நாள் ஆபிரகாம் லிங்கன் மணிக்கணக்காகக் கைகுலுக்கியபின் மாடிக்குச் சென்று, அடிமை விடுதலைப் பிரகடனத்திற் கையொப்பமிட்டார். கை நடுங்கியதாம், குலுக்கிக் குலுக்கிக் களைத்த கை. ஆயினும் அந்த வாயிலும் எல்லாருக்கும் ஒன்றுபோல் திறந்திருக்கவில்லை. 1865 மார்ச் 4 ஆம் நாள் லிங்கனின் இரண்டாம் பதவியேற்பு வரவேற்புக்குச் சென்ற பிரெடெரிக் டக்ளஸைக் காவலர் வாயிலிலே தடுத்தனர். அடிமையாகப் பிறந்து, விடுதலைக்காக வாழ்நாள் முழுவதும் பேசியவர் அவர். செய்தி உள்ளே சென்றதும் லிங்கன் அவரை வரவழைத்து, பலர் கேட்க நண்பர் என அழைத்தார். தலைவன் நல்லவனாயிருப்பது போதாது. காவலனுக்கு இடப்பட்ட கட்டளை மாறவேண்டும் என்பதை அந்நிகழ்ச்சி காட்டுகிறது.

நம்மவர்க்கும் இதில் ஒரு பாடம் உண்டு. 1948 இல் விருந்தைப் பகிஷ்கரித்த சமசமாஜிகள் 1964 ஜூனில் மந்திரிசபையில் அமர்ந்தனர். அதே ஆண்டு ஒக்டோபர் 30 ஆம் நாள் புதுடில்லியிற் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்தனர். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, எஞ்சிய 1,50,000 பேர் பின்னர் தீர்மானிக்கப்படுவர் என்பது அதன் சாரம். பிரிக்கப்பட்ட அந்த மக்களை எவரும் கேட்கவில்லை. வாயிலுக்கு வெளியே நின்று குரலெழுப்பியவர்கள் உள்ளே சென்று அமர்ந்ததும் கதவு எவ்வளவு இலகுவாகச் சாத்தப்பட்டுவிடுகிறது! இதைச் சொல்வதால் அவர்களுடைய முந்திய போராட்டங்கள் பொய்யாகிவிடா. எனினும் சொல்லாமல் விட்டால் நாம் அவர்களிடமிருந்து ஒன்றும் கற்காதவராவோம்.

தமிழ்ச் சமுதாயமும் தன் வாயிலைத் திரும்பிப் பார்க்கட்டும். யாழ்ப்பாணத்துப் பாடசாலைகளிற் சம ஆசனத்துக்கும் சம போசனத்துக்கும் போராடவேண்டியிருந்தது. 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோவில் வாயிலில் தாழ்த்தப்பட்ட மக்களைத் தடுத்து நின்றவர்கள் தமிழர்களே. ஒரே பந்தியில் ஆள் பார்த்துப் பரிமாறுவதைப் பந்திவஞ்சனை என்று நம் மொழி இழித்துரைக்கிறது. பாவத்துக்குப் பெயர் வைத்த சமுதாயம் அந்தப் பாவத்தை விட்டொழித்ததா?

இனிக் கொழும்புக்கு வருவோம். யுத்த காலத்தில் வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் ஒரு தமிழ்க் குடும்பத்துக்கு ஊரிலிருந்து விருந்தினர் வந்தால், முதலிற் செய்யவேண்டியது கால்கழுவத் தண்ணீர் கொடுப்பதன்று. பொலிஸ் நிலையத்திற் பதிவு செய்வது. எங்கள் வீட்டுக்கு வைத்தியத்துக்காக வந்த பெரியம்மா, பதிவுத் துண்டைத் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டே உறங்குவார். வருகின்றவரிடம் வேண்டா முகம் காட்டினாலே அவர் வாடிவிடுவார் என்று கற்ற நாங்கள், எங்கள் விருந்தினரைச் சந்தேகநபராகப் பதிந்து வந்தோம். 2007 ஜூன் 7 ஆம் நாள் விடியற்காலையில், கொழும்பின் தங்குவிடுதிகளில் இருந்த 370 க்கும் மேற்பட்ட தமிழர் பஸ்களில் ஏற்றப்பட்டு நகரைவிட்டு அனுப்பப்பட்டனர். மறுநாள் உயர்நீதிமன்றம் அதனைத் தடுத்து இடைக்கால உத்தரவு பிறப்பித்தது. அவர்களுள் வெளிநாடு செல்லக் காத்திருந்தவர், மருந்துக்கு வந்தவர், வேலை தேடி வந்தவர் எனப் பலர் இருந்தனர். தலைநகர் என்பது நாட்டின் முன்றில் அன்றோ? முன்றிலில் நின்ற சொந்த வீட்டாரையே விரட்டியது அந்த நாள்.

2013 நவம்பரில் அதே நகரிற் பொதுநலவாய நாடுகளின் தலைவர்கள் கூடினர். வீதிகள் அழகுபடுத்தப்பட்டன, சாள்ஸ் இளவரசர் வந்தார். இந்திய, கனடிய, மொரீசியஸ் பிரதமர்கள் வரவில்லை. காணாமலாக்கப்பட்ட தம் பிள்ளைகளைப் பற்றிப் பேசுவதற்காக வடக்கிலிருந்து கொழும்பு நோக்கிப் புறப்பட்ட குடும்பத்தினர் மதவாச்சியில் வழிமறிக்கப்பட்டனர். விருந்து மண்டபம் கொழும்பில் இருந்தது. அதன் வாயிற்கதவோ இருநூறு கிலோமீற்றருக்கும் அப்பால் நாட்டப்பட்டிருந்தது. யாழ்ப்பாணத்துக்குச் சென்ற பிரித்தானியப் பிரதமரை, பொது நூலகத்துக்கு வெளியே புகைப்படங்களை ஏந்திய தாய்மார் எதிர்கொண்டனர். அந்தப் புகைப்படங்களே அன்றைய வரவேற்பின் இரண்டாவது பட்டியல்.

2022 ஜூலை 9 ஆம் நாள் நடந்ததை வாசகர் அறிவர். எரிபொருளும் எரிவாயுவும் மருந்தும் இன்றி வரிசைகளில் வாடிய மக்கள், ஜனாதிபதி மாளிகையின் கதவுகளைத் தாண்டி உள்ளே சென்றனர். இரண்டு நூற்றாண்டுகளாக அழைப்பிதழ் இன்றி எவரும் நுழையாத கூடங்களில் சாதாரண மனிதர் நடந்தனர். நீச்சற் குளத்திற் குளித்தனர். மஞ்சத்திற் படுத்துப் பார்த்தனர். அங்கே கண்டெடுத்த ஒரு கோடியே 78 இலட்சம் ரூபாவை எண்ணிப் பொலிஸாரிடம் ஒப்படைத்தனர். அந்த மஞ்சத்துப் படத்தைப் பார்த்தபோது எனக்குப் புறநானூற்று மோசிகீரனார் நினைவுக்கு வந்தார்.

சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறையின் அரண்மனையில், முரசு நீராட்டப்படுவதற்கு வெளியே சென்றிருந்த வேளையில், வழிநடைக் களைப்பால் அந்தப் புலவர் முரசு கட்டிலென அறியாமல் ஏறி உறங்கிவிட்டார். அது கொலைத் தண்டனைக்குரிய குற்றம். வந்து கண்ட அரசன் வாளை எடுக்கவில்லை, விசிறியை எடுத்தான். சங்க காலத்தைப் பொற்காலமாக்குவது என் நோக்கமன்று. நெல்லை விளைத்தவர் ஒருவர், கொடையாற் புகழ்பெற்றவர் வேறொருவர் என்பதே அக்காலத்தின் உண்மையும் ஆகும். ஆயினும் அழையாது வந்து, களைத்து, அதிகாரத்தின் கட்டிலிற் கிடந்த ஒருவனைக் கண்டவுடன் அரசன் என்ன செய்யவேண்டும் என்னும் கேள்வியை அப்பாடல் எழுப்பிவிட்டது. 2022 இல் அரசு அளித்த விடை, ஜூலை 22 ஆம் நாள் விடியுமுன் காலிமுகத்திடலுக்கு இராணுவமாக வந்தது.

அந்தப் புலவர் விருந்தினர். ஜூலையில் நுழைந்தவர்களோ விருந்தினரும் அல்லர். அவர்கள் வீட்டுக்காரர்கள். அந்த மாளிகையின் ஒவ்வொரு கல்லும், மேசையில் வைக்கப்பட்ட ஒவ்வொரு கோப்பையும் அவர்களுடைய உழைப்பில் வந்தவை. திருமணப் பந்தியிற் பரிமாறுபவன், அகப்பை தன் கையில் இருப்பதனால் வீட்டுக்காரன் ஆகிவிடுவதில்லை. நாட்டின் தலைவரும் அத்தகையவரே. வீட்டுக்காரனைப் படலைக்கு வெளியே நிறுத்திவிட்டு, அவன் பெயரால் நடத்தப்படும் விருந்து எவ்வளவு பண்பாக நடந்தாலும் விருந்தோம்பலாகாது.

அதே காலிமுகத்திடலில், 2022 மே 18 ஆம் நாள், முள்ளிவாய்க்காலில் மாண்டோர் நினைவுகூரப்பட்டனர். யுத்தத்தின் இறுதி நாட்களில் அம்மக்களின் உயிரைத் தாங்கிய உப்புக் கஞ்சி அங்கே காய்ச்சிப் பகிரப்பட்டது. அத்துயரை அதுவரை அறிந்திராத சிங்கள இளைஞர் சிலரும் அதை வாங்கிப் பருகினர். ஒரு பிடி அரிசிக் கஞ்சியால் எழுபது ஆண்டுப் பிளவு ஆறிவிடும் என்று நான் கூறவில்லை. ஆனால் விருந்து என்னும் சொல்லின் பழைய பொருள், புதியவனைப் புதியவன் எதிர்கொள்வது என்னும் பொருள், இராணி மாளிகையின் இரு நூற்றாண்டு வைபவங்களில் இருந்ததைவிட அந்தச் சிரட்டையிற் கூடுதலாக இருந்தது.

அடுத்த வாரம் அந்த வகுப்புக்குச் சென்றபோது மாணவனை எழுப்பி விடை கூறினேன். “உள்ளே இருப்பவரைப் பார்த்து முடிவு சொல்ல முடியாது. வாயிலில் நிறுத்தப்பட்டவர் யார் என்று பார். நிறுத்தியதற்கு அவர்களிடம் முகம் கொடுத்துச் சொல்லக்கூடிய காரணம் இருந்தால், அது விருந்தோம்பலுக்கு அருகில் வரும்” என்றேன். அவன் சற்று யோசித்து, “அப்ப வெளியில நிக்கிறவங்க யார்னு யார் சேர் எழுதி வைக்கிறது?” என்றான்.

அதற்கு விடையாகவே இதை எழுதினேன். கடதாசிக் கொடிகளுடன் ஒரு சுற்றறிக்கை என் மேசைக்கு வருமானால், வீதியைக் கடந்து தண்ணீர் வாங்கப் பிள்ளைகளுக்கு அனுமதி உண்டா என்பதை முதலில் எழுத்திற் கேட்பேன். விடை வரும்வரை வகுப்பில் பாடம் நடக்கும்.